தோற்றவர்களைத் தேடி: சிட்னி, கான்பெரா, மெல்பர்ன்

நவம்பர் 8, சிட்னி

சென்னையில் விட்டுவந்த மழை எனக்கு முன்னாலேயே சிட்னிக்கு வந்து காத்திருந்தது. விமான நிலையத்தில் கார் நிறுத்த நிமிடக் கணக்கில் காசு என்பதால் சித்தப்பா பெட்டியைப் பிடுங்காத குறையாக இழுத்துக்கொண்டு ஓடினார். வென்ட்வொர்த்வில் வீட்டுக்குப் போய்க் குளித்து, சித்தி வார்த்த தோசையைச் சாப்பிட்டேன். தூக்கம் கண்ணைச் சொருகியது. படுத்தால் ராத்திரி முழுக்க முழித்திருக்க வேண்டிவரும் என்று உடனே கிளம்பிவிட்டேன்.

"வந்ததும் வராததுமா எங்கடா?"

"பீரங்கி பார்க்க, சித்தப்பா."

"இங்க ஏதுடா பீரங்கி?"

மனிதர் இருபது வருடத்துக்கு மேலாக இந்த ஊரில் இருக்கிறார். ஹைட் பார்க்கின் தென்கிழக்கு மூலையில் எத்தனையோ தடவை கார் ஓட்டிப் போயிருப்பார். ஆனால் பல சாலைகள் வந்து முட்டும் அந்தச் சந்திப்பில் ஓட்டுகிறவன் கண் சிக்னலில்தான் இருக்கும். நடந்து போகிறவர்களும் நிமிர்ந்து பார்ப்பதாகத் தெரியவில்லை. நான் நின்ற அரை மணி நேரத்தில் பீரங்கியைக் கவனித்தது என்னைத் தவிர ஒரு சின்னப் பையன்தான். அவனையும் அம்மா கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

முதல் உலகப் போரில் ஓடிய ஜெர்மன் போர்க்கப்பல் எம்டனில் இருந்த பத்துப் பீரங்கிகளில் ஒன்று இது. குழாயின் உள்விட்டம் 10.5 சென்டிமீட்டர். நேரில் பார்த்தால் இவ்வளவுதானா என்று இருக்கிறது. 1914 செப்டம்பர் 22 இரவு விளக்கெல்லாம் எரிந்துகொண்டிருந்த மெட்ராஸ் துறைமுகத்தை நெருங்கி, சில நிமிடங்களில் சுமார் 130 குண்டுகளைப் போட்டுவிட்டுப் போன கப்பல் அது. பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் தீப்பிடித்தன, சிலர் செத்தார்கள், ஊரே மூட்டை கட்டிக்கொண்டு ஓடியது. உயர் நீதிமன்றச் சுவரில் அதற்கு ஒரு கல்வெட்டு இருக்கிறது. நம்மைச் சுட்ட கப்பலின் பீரங்கி இங்கே பார்க் ஓரத்தில் மழையில் நனைந்துகொண்டிருக்கிறது.

பீரங்கி நிற்கும் அந்தச் சந்திப்புக்கு விட்லம் சதுக்கம் என்று பெயர். 1975-ல் பதவியிலிருந்து தூக்கியெறியப்பட்ட பிரதமர் கஃப் விட்லம்தான் அவர். தோற்ற கப்பலும் தோற்ற பிரதமரும் ஒரே முக்கில். திட்டம் போட்டுச் செய்திருக்க மாட்டார்கள்தான். ஆனாலும் மிச்சப் பயணத்தில் எதைத் தேடிப் போவது என்று எனக்கு அங்கேயே முடிவாகிவிட்டது.

திரும்பும்போது ரயில் நிலையம் பக்கத்தில் ஒரு காபி. 5 டாலர் 50 சென்ட். ரூபாயில் கணக்குப் போடாதே என்று சித்தி காலையிலேயே எச்சரித்திருந்தார். போட்டேன். முந்நூறு ரூபாய்.

நவம்பர் 9, சிட்னி

எம்டன் முடிந்துபோன தேதி இன்று. அதனால் துறைமுகத்துக்குள் நீட்டி நிற்கும் பிராட்லீஸ் ஹெட் முனை.

சர்குலர் கீயிலிருந்து மிருகக்காட்சிசாலைக்குப் போகும் படகில் ஏறினேன். நேற்றைய மழைக்கு வட்டியும் முதலுமாக வெயில் காய்ந்தது. படகில் எல்லாரும் குழந்தை குட்டிகளோடு ஒட்டகச்சிவிங்கி பார்க்கப் போகிறவர்கள். நான் மட்டும் இறங்கி வலப்பக்கம் காட்டுப்பாதையில் நடந்தேன். எதிரே வந்த ஒவ்வொருவரும் ஒரு வணக்கம் சொன்னார்கள். நம் ஊரில் தெரியாதவர் சிரித்தால் பர்ஸைத் தொட்டுப் பார்ப்போம். இங்கே பதிலுக்குச் சிரிக்கப் பழகுவதற்குள் பாதை முடிந்துவிட்டது.

முனையில், எம்டனை வீழ்த்திய ஆஸ்திரேலியப் போர்க்கப்பல் ஹெச்.எம்.ஏ.எஸ். சிட்னியின் முக்காலி வடிவக் கொடிமரம் நிற்கிறது. 1929-ல் கப்பலை உடைத்தபோது எடுத்துவைத்து 1934-ல் இங்கே நட்டார்கள். ஆஸ்திரேலியக் கடற்படைக் கப்பல்கள் இந்த முனையைக் கடக்கும்போது மரியாதை செலுத்திவிட்டுப் போவது வழக்கம். கீழே பாறையில் உட்கார்ந்து சித்தி கட்டிக்கொடுத்த எலுமிச்சை சாதத்தைப் பிரித்தேன். பிரித்த மறு நிமிடம் ஒரு கடற்காகம் காலடியில். அதற்கு எலுமிச்சை சாதம் பிடிக்கவில்லை. அப்பளத்தை மட்டும் கொத்திக்கொண்டு பறந்தது.

1914 நவம்பர் 9 காலை, இந்தியப் பெருங்கடலின் கோகோஸ் தீவுகளில் இருந்த தந்தி நிலையத்தை அழிக்க எம்டன் வந்தது. மூன்று புகைபோக்கிக் கப்பலுக்கு நாலாவதாக ஒரு பொய்ப் புகைபோக்கி மாட்டி ஊரை ஏமாற்றிக்கொண்டிருந்தவர்கள் அவர்கள். தந்தி ஊழியர்கள் ஏமாறவில்லை. ஆள் இறங்குவதற்குள் செய்தி அனுப்பிவிட்டார்கள். ஆஸ்திரேலிய, நியூசிலாந்துப் படைகளை ஏற்றிய கப்பல் வரிசைக்குக் காவலாக சிட்னி கப்பல் பக்கத்திலேயே போய்க்கொண்டிருந்தது எம்டனின் கெட்ட நேரம். முதலில் சுட்டதும் குறி பார்த்து அடித்ததும் எம்டன்தான். ஆனால் சிட்னியிடம் இருந்தது 6 அங்குலப் பீரங்கி. தூரத்தில் நின்றுகொண்டே அடிக்கலாம். கப்பல் மூழ்காமலிருக்க கேப்டன் கார்ல் ஃபான் முல்லர் அதைப் பவளப்பாறை மேல் ஏற்றிவிட்டார். சிட்னியில் 4 பேர் செத்தார்கள், எம்டனில் 134.

அப்புறம் நடந்ததுதான் எனக்குச் சுவாரசியம். பாறையில் ஏறி நின்ற கப்பலில் ஜெர்மன் கொடி இன்னும் பறக்கிறது. சரணடைகிறாயா என்ற கேள்விக்குப் பதில் வரவில்லை. சிட்னியின் கேப்டன் ஜான் கிளாசப் மறுபடி சுட உத்தரவிட்டார். ஓட வழியில்லாதவர்கள் மேலும் பலர் அதில் செத்தார்கள். அதே கிளாசப்தான் முல்லரையும் அதிகாரிகளையும் அவரவர் வாளை வைத்துக்கொள்ள விட்டார். காயம்பட்ட ஜெர்மானியர்களோடு கொழும்புத் துறைமுகத்துக்குள் நுழைந்தபோது யாரும் ஆரவாரம் செய்யக்கூடாது என்று முன்கூட்டியே சொல்லி அனுப்பினார். இரண்டையும் செய்தது ஒரே ஆள். முதலாவது உறுத்தியதால்தான் இரண்டாவதோ என்று பாறையில் உட்கார்ந்து யோசித்துக்கொண்டிருந்தேன்.

இதற்கிடையில் தீவில் இறங்கிய ஜெர்மன் குழு தங்கள் கப்பல் அடிபடுவதைக் கரையிலிருந்து பார்த்திருக்கிறது. அங்கே கிடந்த அயேஷா என்ற பாய்மரக் கப்பலை எடுத்துக்கொண்டு கிளம்பி, அரேபியா வழியாக 1915-ல் கான்ஸ்டான்டிநோபிள் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். ஜெர்மனியில் எம்டன் ஆட்களுக்குத் தங்கள் குடும்பப் பெயரோடு எம்டன் என்று சேர்த்துக்கொள்ள அனுமதி கிடைத்தது.

சாயங்காலம் உலூமுலூவில் கடற்படைத் தளத்துக்குப் பக்கத்தில் ஹாரீஸ் வண்டிக்கடை. கறி அடைத்துச் சுட்ட 'பை' என்ற மாவுப் பண்டம், அதன்மேல் ஒரு கரண்டி மசித்த உருளைக்கிழங்கு, அதன்மேல் பச்சைப் பட்டாணி மசியல், நடுவில் குழி பறித்து அதில் கிரேவி. முதல் வாய்க்கு உப்புச் சப்பில்லை. மூன்றாவது வாயில் பிடித்துப்போனது. ஏழாவது வாயில் கிரேவி உடைந்து சட்டையில் இறங்கியது. கடைப் பெண் கேட்காமலேயே ஒரு கத்தை டிஷ்யூ நீட்டினாள். தினமும் பார்க்கிறாள் போல.

அந்தத் தளம் இருக்கும் கார்டன் ஐலண்டில்தான் 1942 ஜூன் 1 அதிகாலை ஜப்பானியக் குட்டி நீர்மூழ்கி ஒன்று விட்ட டார்பிடோ வெடித்து, குட்டபுல் என்ற படகு மூழ்கி 21 மாலுமிகள் செத்தார்கள். குறி வைத்தது அமெரிக்கக் கப்பல் சிகாகோவுக்கு. வந்த மூன்று நீர்மூழ்கிகளில் இரண்டு துறைமுகத்துக்குள்ளேயே அழிந்தன. அவற்றிலிருந்து எடுத்த நான்கு ஜப்பானியர் உடல்களுக்கு முழுக் கடற்படை மரியாதையோடு எரியூட்டு நடத்தி, அஸ்தியைப் போர் நடக்கும்போதே ஜப்பானுக்கு அனுப்பிவைத்தார்கள். குண்டு விழுந்த பத்து நாளுக்குள் இதைச் செய்ய ஒரு துணிச்சல் வேண்டும். உள்ளூரில் திட்டு விழாமலில்லை.

நவம்பர் 10, சிட்னி

ஒயிட் சிட்டி. பெயரைக் கேட்டு மாளிகை என்று நினைத்துவிட வேண்டாம், டென்னிஸ் மைதானம். எட்ஜ்கிளிஃப் ஸ்டேஷனிலிருந்து நடை. ஊதா நிற ஜகரண்டா பூத்துக் கொட்டி நடைபாதை வழுக்கியது. செருப்பு போட்டுப் போனவன் நான்.

1954 டேவிஸ் கோப்பை இறுதியில் ஒரே நாளில் 25,578 பேர் உட்கார்ந்து பார்த்த இடம் இது. அந்தக் கூட்டத்துக்கான அரங்கம் இப்போது இல்லை. நான் வந்தது 1987-க்காக. அந்த அக்டோபரில் அரையிறுதியில் இந்தியா, ஆஸ்திரேலியாவை அவர்கள் ஊரில், அவர்கள் புல்தரையில் 3-2 என்று கவிழ்த்தது. கடைசி ஆட்டத்தில் வாலி மசூரை வீழ்த்தியவர் நம் ரமேஷ் கிருஷ்ணன். இதைச் சித்தப்பாவிடம் சொன்னதும் மனிதர் விழித்துக்கொண்டார். பீரங்கி தெரியாதே தவிர, அந்த மேட்ச் பந்துக்குப் பந்து ஞாபகம் இருக்கிறது. இறுதிப் போட்டியில் ஸ்வீடனிடம் 5-0 என்று தோற்றதை மட்டும் நான்தான் ஞாபகப்படுத்த வேண்டியிருந்தது.

"அதெல்லாம் எதுக்குடா இப்போ" என்றார்.

நவம்பர் 11, கான்பெரா

பதினோரு மணிக்கு கான்பெரா போர் நினைவகத்தில் நடக்கும் நினைவு நாள் நிகழ்ச்சிக்குப் போய்விட வேண்டும் என்று விடியுமுன் பஸ் பிடித்தேன். பத்தரைக்கு ஜார்ஜ் ஏரி பக்கத்தில் பஸ் ஒரு முனகு முனகி நின்றது. ஓட்டுநர் இறங்கிப் பார்த்தார், யாருக்கோ போன் செய்தார், மாற்று வண்டி வர ஒரு மணி நேரம் என்றார். மன்னிப்பு மட்டும் நாலு தடவை கேட்டார்.

எல்லாரும் ஓரமாக இறங்கி நின்றோம். சில வருடம் தண்ணீரும் சில வருடம் ஆடு மேய்வதுமாக இருக்கும் விசித்திர ஏரி. அக்கரையில் காற்றாலைகள் சுற்றின. ஈ என்றால் அப்படி ஓர் ஈ, பேச வாயைத் திறக்க முடியவில்லை. ஒரு சீனப் பாட்டி தன் பையிலிருந்த ஆரஞ்சை உரித்து ஆளுக்கு இரண்டு சுளை கொடுத்துக்கொண்டே வந்தார். பதினொன்றுக்கு ஓட்டுநர் கைக்கடிகாரத்தைப் பார்த்து, தொப்பியைக் கழற்றி, விருப்பமுள்ளவர்கள் ஒரு நிமிடம் நிற்கலாம் என்றார். உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்தார்கள். லாரிகள் பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தன. பாட்டி பாதி உரித்த ஆரஞ்சோடு அப்படியே நின்றார். நிமிடம் முடிந்ததும் ஓட்டுநர் தொப்பியை மாட்டிக்கொண்டு ஐந்தாவது தடவை மன்னிப்புக் கேட்டார்.

மதியம் பழைய நாடாளுமன்றம். 1927 முதல் 1988 வரை இதில்தான் அவை கூடியது. வெள்ளையடித்த, நீளமான, அடக்கமான கட்டடம். இதன் வாசல் படிக்கட்டுதான் 1975 நவம்பர் 11-ன் மேடை.

கதை தெரியாதவர்களுக்கு: விட்லத்தின் தொழிற்கட்சிக்குக் கீழவையில் பெரும்பான்மை இருந்தது, மேலவையான செனட்டில் இல்லை. எதிர்க்கட்சித் தலைவர் மால்கம் ஃப்ரேசர் செனட்டை வைத்து அரசின் செலவுக்கான பண மசோதாவை வாரக்கணக்கில் நிறுத்திவைத்தார். அன்று மதியம், ராணியின் பிரதிநிதியான கவர்னர் ஜெனரல் சர் ஜான் கெர், தன்னைப் பார்க்க மாளிகைக்கு வந்த விட்லத்தின் கையில் டிஸ்மிஸ் கடிதத்தைக் கொடுத்தார். ஃப்ரேசர் காபந்துப் பிரதமர். விட்லம் நேரே வீட்டுக்குப் போய் மதியச் சாப்பாட்டுக்கு ஸ்டேக் சாப்பிட்டார். இது வரலாறு. சாப்பிட்ட மனிதர் செனட்டில் இருந்த தன் கட்சிக்காரர்களுக்குச் சொல்லி அனுப்பவில்லை. இதுவும் வரலாறு. விஷயம் தெரியாத அவர்கள், எதிர்க்கட்சி திடீரென்று வழிவிட்டதில் மகிழ்ந்து மசோதாவை நிறைவேற்றினார்கள். பணம் கிடைத்தது ஃப்ரேசர் அரசுக்கு.

கவர்னர் ஆட்சிக் கலைப்புகளைப் பார்த்து வளர்ந்த தமிழனுக்கு இதில் அதிர்ச்சி குறைவு. 1976-ல் கருணாநிதி ஆட்சி போனது இதற்குச் சில மாதங்கள் கழித்துத்தான். ஆனால் நாட்டின் பிரதமரையே, கீழவையில் பெரும்பான்மை இருக்கும்போதே, ஒரு நியமனப் பதவிக்காரர் வீட்டுக்கு அனுப்பினார் என்பது வேறு கணக்கு.

படிக்கட்டில் கவர்னர் ஜெனரலின் செயலாளர் டேவிட் ஸ்மித் அறிவிப்பை வாசித்து, 'கடவுள் ராணியைக் காப்பாராக' என்று முடித்தார். பின்னாலேயே நெடிய உருவமாக நின்றிருந்த விட்லம் மைக்கைப் பிடித்தார். கடவுள் ராணியைக் காப்பாற்றட்டும், கவர்னர் ஜெனரலை எதுவும் காப்பாற்றாது என்றார். டிசம்பர் 13 தேர்தலில் மக்கள் விட்லத்தைக் காப்பாற்றவில்லை, படுதோல்வி. ஆனால் சொன்ன சொல் கெரைத் துரத்தியது. போன இடமெல்லாம் கூச்சல். 1977 மெல்பர்ன் கப் குதிரைப் பந்தயப் பரிசளிப்பில் தள்ளாடியபடி பேசிப் பேர் கெட்டு, அந்த வருடமே பதவியை விட்டார். விட்லமும் ஃப்ரேசரும் பிற்காலத்தில் நண்பர்களானார்கள். 1999-ல் குடியரசு வேண்டும் என்று இருவரும் ஒரே பக்கம் நின்று பிரசாரம் செய்தார்கள்.

நான் படிக்கட்டில் ஸ்மித் நின்றிருக்கக்கூடிய இடத்தில் ஒரு தடவை, விட்லம் நின்றிருக்கக்கூடிய இடத்தில் ஒரு தடவை நின்று பார்த்தேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் சிரித்தார்கள். எதிரே புல்வெளியில் 1972-லிருந்து பழங்குடியினரின் கூடாரத் தூதரகம். சொந்த மண்ணில் அந்நியராக்கப்பட்டோம் என்று சொல்ல வைத்த பெயர். அந்த வழக்கு இன்னும் முடியவில்லை.

ஸ்டேக் விலையைப் பார்த்தேன், 40 டாலரைத் தொட்டது. விட்லத்தின் மதியச் சாப்பாடு எனக்குக் கட்டுப்படியாகாது. சீஸ் டோஸ்ட் 14 டாலர். ராத்திரி போனில் சித்தப்பா, "அந்த மனுஷன் வெள்ளை ஆஸ்திரேலியாக் கொள்கையை ஒழிச்சுக் கட்டலேன்னா நான் இங்க ஏதுடா" என்றார். பீரங்கி பக்கத்துச் சதுக்கம் யார் பெயரில் இருக்கிறது என்று கேட்டேன். மௌனம்.

நவம்பர் 12, கான்பெரா

காலையில் எட்டு டிகிரி. ஏரிக்கரையில் நடந்தபோது மேக்பை என்ற கறுப்பு வெள்ளைப் பறவை பின்னாலிருந்து பாய்ந்து தலையில் கொத்திவிட்டுப் போனது. இது கூடு கட்டும் காலமாம். சைக்கிளில் வந்தவர் ஹெல்மெட் முழுக்க முள்ளு முள்ளாக பிளாஸ்டிக் பட்டைகள் செருகியிருந்தார். ரத்தம் வருகிறதா என்று என் தலையைக் குனியச் சொல்லிப் பார்த்து, இல்லை என்று சான்றிதழ் கொடுத்துவிட்டுக் கிளம்பினார்.

நேற்று தவறியதற்கு இன்று சாயங்காலம் போர் நினைவகம் போனேன். அங்கே தினமும் நாள் முடிவில், செத்த ஒருவரின் கதையை மட்டும் வாசிக்கிறார்கள். பெயர், ஊர், செய்த வேலை, செத்த விதம். பெரிய தளபதியாக இருக்க வேண்டியதில்லை. பிறகு எக்காளம். எனக்கு முன்னால் நின்ற வாட்டசாட்டமான ஆள் ஒருவர் கண்ணைத் துடைக்கக் கையைத் தூக்கி, அரிப்பு போல நெற்றியைச் சொறிந்துகொண்டார்.

நவம்பர் 13, மெல்பர்ன்

காலை வெயில், பத்து மணிக்கு மழை, மதியம் அனல், நாலு மணிக்கு ஸ்வெட்டர். மெல்பர்ன் பற்றி எல்லாரும் சொல்வது உண்மை, மேலே சொல்ல ஒன்றுமில்லை.

மெல்பர்ன் பார்க்கில் ராட் லேவர் சிலை. 1962, 1969 என்று இரண்டு தடவை ஒரே வருடத்தில் நாலு பெரிய பட்டங்களையும் வென்றவர். இந்த வளாகத்தில்தான் 1989-ல் ரமேஷ் கிருஷ்ணன், உலகின் முதல் நிலை ஆட்டக்காரராக இருந்த மாட்ஸ் விலாண்டரை இரண்டாவது சுற்றிலேயே வெளியேற்றினார். அதற்குச் சிலை இல்லை.

ஸ்வான்ஸ்டன் தெருவில் டிராமில் போகும்போது கார்ல்டன் பக்கம், 2022 ஜனவரியில் நோவாக் ஜோகோவிச்சை அடைத்துவைத்த ஓட்டலைப் பார்த்தேன். தடுப்பூசி போடாமல் வந்தவரின் விசாவை ரத்து செய்து, நீதிமன்றம் திருப்பிக்கொடுத்து, அமைச்சர் மறுபடி பிடுங்கி, போட்டி தொடங்குவதற்கு முந்தின நாள் விமானம் ஏற்றினார்கள். அவருக்கு அங்கே சில ராத்திரிகள். அதே கட்டடத்தில் வருடக்கணக்கில் முடங்கிக் கிடந்த அகதிகளை உலகம் பார்த்தது அவரால்தான். ஜோகோவிச் அடுத்த வருடமே திரும்பி வந்து கோப்பையைத் தூக்கினார். சரணடைந்த கேப்டனுக்கு வாளை விட்டுக்கொடுத்த நாடு, கடலில் தப்பி வந்தவனை ஒன்பது வருடம் வரை அடைத்துவைத்தது. எனக்கு அன்று டிராம் சீட்டில் உட்காரவே பிடிக்கவில்லை.

நவம்பர் 14, மெல்பர்ன்

கூயாங். ரயிலை விட்டு இறங்கினால் தண்டவாளத்தை டிராம் தண்டவாளம் குறுக்கே வெட்டிப் போகிறது. மணி அடித்து, கேட் போட்டு, டிராமும் காரும் ரயிலுக்குக் காத்து நிற்கின்றன. அதைப் பார்ப்பதற்கே பத்து நிமிடம் போய்விட்டது.

1987 வரை ஆஸ்திரேலிய ஓப்பன் நடந்த கிளப் இது. உறுப்பினர்களுக்கு மட்டும் என்று வாசலில் ஒரு இளைஞன் பணிவாகச் சொன்னான். பணிவாகச் சொன்னால் சண்டை போடக்கூட முடியாது. வேலியோரம் நின்று பச்சைப் புல்லைப் பார்த்தேன். 1966 டிசம்பர் 26-லிருந்து மூன்று நாள், இந்தியா முதன்முதலாக ஆடிய டேவிஸ் கோப்பை இறுதி இங்கேதான். கல்கத்தாவில் பிரேசிலின் தாமஸ் கோச்சிடம் நாலாவது செட்டில் 2-5 என்று தோல்வியின் விளிம்பிலிருந்து மீண்டு ஜெயித்துவிட்டு வந்திருந்தார் ராமநாதன் கிருஷ்ணன். நாகர்கோவிலில் பிறந்தவர், 1960, 61 விம்பிள்டன் அரையிறுதிக்காரர். இங்கே ஆஸ்திரேலியாவின் ராய் எமர்சன், ஃப்ரெட் ஸ்டோல் இருவரிடமும் ஒற்றையர் ஆட்டம் எல்லாம் போனது. 4-1. அந்த ஒன்று, கிருஷ்ணனும் ஜெய்தீப் முகர்ஜியும் நியூகோம்ப்-ரோச் ஜோடியை வென்ற இரட்டையர் ஆட்டம். அந்த ஜோடி அதற்கு முந்தின வருடத்து விம்பிள்டன் சாம்பியன்.

டிராம் நிறுத்தத்தில் டென்னிஸ் பையோடு ஒரு முதியவர். எண்பதைத் தாண்டியிருப்பார். கிளப் உள்ளே விட்டார்களா என்று அவரே பேச்சைத் தொடங்கினார். 1966 என்றதும் முகம் மலர்ந்தது.

"கிருஷ்ணனா! அவர் சர்வீஸை என் மனைவிகூட எடுத்துவிடுவாள். ஆனால் அதற்கப்புறம் பந்தை எங்கே வைப்பார் என்று எமர்சனுக்கே தெரியாது. நான் இங்கேதான் உட்கார்ந்திருந்தேன்."

"அப்படியானால் இரட்டையர் ஆட்டமும் பார்த்திருப்பீர்களே, நியூகோம்பும் ரோச்சும் தோற்றது?"

கொஞ்ச நேரம் யோசித்தார். "தோற்றார்களா? நிச்சயமா?"

நிச்சயம் என்றேன். 4-1 என்பதில் அந்த ஒன்று அதுதான் என்றேன்.

"அன்றைக்கு நான் வரவில்லை போலிருக்கிறது" என்று சொல்லிவிட்டு டிராமில் ஏறிக்கொண்டார். இரண்டு நிமிடம் முன்னால் மூன்று நாளும் வந்ததாகச் சொன்னவர். கேட் மறுபடி விழுந்தது, என் ரயில் வந்துகொண்டிருந்தது, பிளாட்பாரமோ எதிர்ப்பக்கம்.